பிறர் பாட்டும் இருக்கட்டும், பாப்பா

அன்பு மகளுக்கு,

ஒலிப்பதிவுக்கு நாள் குறித்துவிட்டாய் என்று அம்மா சொன்னாள். மிகவும் சந்தோஷம். எல்லாமே உன் சொந்த உருப்படிகளாக இருக்க வேண்டும், ஸ்டாண்டர்ட், அதாவது ஜாஸ்காரர் எல்லோரும் வாசிக்கும் பழைய பாட்டு, ஒன்றுகூட வேண்டாம் என்று நீ பிடிவாதமாக இருக்கிறாயாம். போனில் சொன்னால் பாதியிலேயே மறுத்துப் பேச ஆரம்பித்துவிடுவாய். அதனால்தான் எழுதுகிறேன்.

ஜாஸ் கிட்டார் கலைஞர் வெஸ் மாண்ட்கோமரியின் 'தி இன்கிரெடிபிள் ஜாஸ் கிட்டார்' இசைத்தட்டை இன்னொரு முறை முழுசாகக் கேள். 1960 ஜனவரியில், நியூயார்க்கில், ரிவர்சைடு நிறுவனத்துக்காக இரண்டே நாளில் பதிவானது. டாமி ஃபிளானகன் பியானோ, பெர்சி ஹீத் பேஸ், அவர் தம்பி ஆல்பர்ட் ஹீத் டிரம்ஸ். மொத்தம் எட்டு உருப்படிகள். நான்கு வெஸ்ஸுடையவை. மற்ற நான்கில் ஒன்று சாக்ஸஃபோன் கலைஞர் சானி ராலின்ஸுடையது, ஒன்று பியானோ கலைஞர் டேவ் புரூபெக்குடையது, இரண்டு பழைய காதல் பாட்டுகள். கண்ணை மூடிக்கொண்டு கேட்டால் எது யாருடையது என்ற கேள்வியே எழாது. எட்டிலும் அந்தக் கட்டைவிரல்தான் பேசுகிறது.

வீட்டில் சத்தம் தொந்தரவாகிறது என்று தந்தி மீட்டும் பிளெக்ட்ரத்தை விட்டுக் கட்டைவிரலுக்கு வந்தவர் அவர். நோட்டேஷன் படிக்கத் தெரியாது. அவருக்கு முந்தைய கிட்டார் கலைஞர் சார்லி கிறிஸ்டியனின் வாசிப்பை இசைத்தட்டில் கேட்டுக் கேட்டு அப்படியே பாடம் செய்துதான் மேடை ஏறினார். பகலில் தொழிற்சாலை, இரவில் இண்டியானாபொலிஸ் கிளப்புகள். இந்தப் பதிவின்போது வயது 36. பிறர் வாசித்ததில் அத்தனை வருஷம் ஊறியவரின் சொந்தப் பாட்டு எப்படி இருக்கிறது பார். 'ஃபோர் ஆன் சிக்ஸ்' அவருடையதுதான். ஆனால் அடியில் ஓடுவது இசையமைப்பாளர் கெர்ஷ்வினின் 'சம்மர்டைம்' பாட்டின் கார்டு (சேர்ந்து ஒலிக்கும் ஸ்வரங்கள்) அமைப்பு. கெர்ஷ்வினை விலக்கிவிட்டு அந்தப் பாட்டு ஏது?

'வெஸ்ட் கோஸ்ட் புளூஸ்' தனி வாசிப்பை மட்டும் நிதானமாகக் கேள். முதலில் ஒற்றை ஸ்வரங்கள். பிறகு ஆக்டேவ்: ஒரே ஸ்வரம் மேல் ஸ்தாயியிலும் கீழ் ஸ்தாயியிலும் சேர்ந்து ஒலிக்க, நடுவில் இருக்கும் தந்தியை ஆள்காட்டி விரலின் சதை தொட்டு அடக்கிவிடும். கட்டைவிரல் அத்தனை தந்திகளையும் தடவிப் போனாலும் இரண்டுதான் பேசும். அதற்கும் பிறகு முழுக் கார்டுகள். படிப்படியாக ஏறுகிறார், எந்த இடத்திலும் அவசரம் இல்லை. எனக்கு இன்றும் அந்த ஆக்டேவ் ஆரம்பிக்கும் இடத்தில் உடம்பு சிலிர்க்கிறது.

உன் சொந்தப் பாட்டுகள் எனக்கு உயிர். ஆனால் உன்னை முதல்முறை கேட்கப் போகிறவருக்கு உன் மெட்டும் புதிது, உன் கையும் புதிது. தெரிந்த பாட்டு ஒன்றை நீ வாசித்தால், அதில் நீ எங்கே வளைந்தாய், எதை விட்டாய், எங்கே நின்றாய் என்பது அவருக்கு உடனே பிடிபடும். போன வருஷம் வந்திருந்தபோது மாடியில் அந்த இரண்டு காதல் பாட்டுகளில் ஒன்றான 'போல்கா டாட்ஸ் அண்ட் மூன்பீம்ஸ்' வாசித்தாயே, அதை ஏன் விட வேண்டும்? இரண்டு ஸ்டாண்டர்டாவது சேர். பியானோக்காரரிடமும் கலந்து பேசு.

எவை என்று முடிவானதும் பட்டியலை அனுப்பு. பதிவு வாரத்தில் இரவு கண் விழிக்காதே. விரல் சொன்னபடி கேட்காது.

அன்புடன்,
அப்பா