பகத் எழுதிய அறிக்கையை வெளியிட வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

லெப்டினன்ட் ஜெனரல் பிரேமிந்திர சிங் பகத் குறித்துத் தங்கள் இதழில் வந்த கட்டுரை, 1941இல் அவர் பெற்ற, பிரிட்டனின் மிக உயரிய வீர விருதான விக்டோரியா கிராஸையும் 1974இல் அவருக்குக் கிட்டாமற்போன தரைப்படைத் தலைமைத் தளபதி பதவியையும் விரிவாகப் பேசியது. அன்றைய தலைமைத் தளபதி ஜெனரல் பேவூருக்குப் பணிநீட்டிப்பு வழங்கப்பட்டதால் பகத் ஓய்வுபெற நேர்ந்ததும், பொறியாளர் படையிலிருந்து ஒருவர் அப்பதவிக்கு வர 2022இல் ஜெனரல் மனோஜ் பாண்டே வரை காத்திருக்க நேர்ந்ததும் உண்மைதான். ஆனால் அவர் ஆற்றிய பணிகளுள் நாட்டுக்கு மிகவும் பயன்பட்டிருக்க வேண்டிய ஒன்றை, 1962 சீனப் போரின் தோல்வி குறித்த ஆய்வறிக்கையை, அக்கட்டுரை ஒரே வரியில் கடந்துவிட்டது.

இரண்டாம் உலகப் போரின் அபிசீனிய (இன்றைய எத்தியோப்பியா) முனையில், மெட்டெம்மா என்ற ஊர் வீழ்ந்தபின் பின்வாங்கிய இத்தாலியப் படையைத் துரத்திச் சென்ற அணிக்கு முன்னால், நான்கு நாள்கள், 55 மைல் தூரம், 15 கண்ணிவெடித் திடல்களைக் கண்டறிந்து அகற்றியவர் அன்றைய இரண்டாம் லெப்டினன்ட் பகத். அவர் சென்ற வண்டி இருமுறை வெடியில் சிக்கியது. ஒரு காதின் செவிப்பறை கிழிந்தது. மாற்று அதிகாரியை அனுப்ப முன்வந்தபோது, இந்த வேலையை முடிக்க இப்போது தானே கூடுதல் தகுதி பெற்றிருப்பதாகச் சொல்லி அவர் மறுத்துவிட்டார். துணிச்சலைவிட இந்தப் பதிலே என்னை வியக்கவைக்கிறது. எங்கே வெடித்தது, ஏன் வெடித்தது என்று அறிந்தவனே அடுத்த அடியை எடுத்துவைக்க வேண்டும் என்பது பொறியாளரின் அறம்.

1962 சீனப் போரின் தோல்விக்குப் பிறகு, இராணுவத் தரப்பில் நேர்ந்த பிழைகளை ஆராயும் பொறுப்பு லெப்டினன்ட் ஜெனரல் ஹென்டர்சன் புரூக்ஸுடன் பிரிகேடியர் பகத்துக்கும் தரப்பட்டது பொருத்தமான தெரிவு. 1963இல் அவர்கள் அளித்த அறிக்கையை அரசு இன்றுவரை வெளியிடவில்லை. 2014இல் பத்திரிகையாளர் நெவில் மேக்ஸ்வெல் அதன் ஒரு பகுதியை இணையத்தில் வெளியிட்ட பின்னரும் அந்த நிலை மாறவில்லை. அறிக்கைக்கு நடப்பு இராணுவ முக்கியத்துவம் உண்டு என்று அரசு கூறிவந்திருக்கிறது. அறுபது ஆண்டுகளுக்கும் மேலாகிவிட்ட நிலையில், அன்றைய படைகளும் ஆயுதங்களும் சாலைகளும் முற்றிலும் மாறிவிட்ட பின், இந்த விளக்கத்தை ஏற்பது கடினம்.

அறிக்கை அளித்த பின்னாளில் பகத் இராணுவத்தின் வடக்குக் கட்டளையின் முதல் தளபதியானார். 1972இல் இந்தியாவும் பாகிஸ்தானும் செய்துகொண்ட சிம்லா ஒப்பந்தத்தைத் தொடர்ந்து, பாகிஸ்தான் தரப்பின் லெப்டினன்ட் ஜெனரல் அப்துல் ஹமீது கானுடன் பேசி, சுமார் 740 கிலோமீட்டர் நீளமுள்ள, காஷ்மீரில் இரு நாட்டுப் படைகளையும் பிரிக்கும் கட்டுப்பாட்டுக் கோட்டை வரைபடங்களில் குறித்து, 1972 டிசம்பர் 11 அன்று சுசேத்கரில் கையொப்பமிட்டார். ஓய்வுக்குப் பிறகு, அணைகளையும் மின் உற்பத்தியையும் கவனிக்கும் அரசு நிறுவனமான தாமோதர் பள்ளத்தாக்குக் கழகத்தின் தலைவராகப் பொறுப்பேற்று, அப்பதவியில் இருக்கும்போதே 1975 மே மாதம் 56ஆம் வயதில் மறைந்தார்.

அவருக்குப் பதவி மறுக்கப்பட்ட அநீதியை இனி யாராலும் திருத்த இயலாது. அவர் எழுதியதை மக்கள் படிக்கச் செய்வது இன்றும் அரசின் கையில் இருக்கிறது. அறிக்கையை முழுமையாக வெளியிடுமாறு தங்கள் இதழ் தலையங்கம் வாயிலாக வலியுறுத்த வேண்டுமெனக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற பொறியாளர் ஒருவர்,
திருச்சிராப்பள்ளி.