மெட்டைத் தாண்டாத கோப்புகள்: இரு மாநிலத் தொழிலாளர் துறைகளுக்கு ஒரு திறந்த மடல்

கேரள, தமிழ்நாடு தொழிலாளர் துறை அதிகாரிகளுக்கு,

வணக்கம். கம்பம், கோம்பை, தேவாரம், போடி பக்கமிருந்து விடியற்காலை ஜீப்பேறி, எல்லை மலைக் கணவாயான மெட்டைத் தாண்டி, கேரளத்தின் இடுக்கி ஏலத்தோட்டங்களுக்குப் போகிறவர்கள் வேலையில் இறந்துபோனால், அந்தக் குடும்பங்களுக்கு இழப்பீட்டு மனு எழுதித் தருபவர்கள் நாங்கள். புதிய சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பு நடைமுறைக்கு வந்த 2025 நவம்பர் 21-க்கு முன் நடந்த சாவுகளைப் பற்றியே இங்கே எழுதுகிறோம். அவற்றுக்கு 1923-ஆம் ஆண்டின் பழைய இழப்பீட்டுச் சட்டம்தான். மனுப்போட இரண்டு ஆண்டு அவகாசம் உண்டு என்பதால், அந்தக் கெடு பல குடும்பங்களுக்கு இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது.

பெரும்பாலான உரிமைகள் பறிபோகும் இடம் பிணவறை வாசல். உடலை வாங்குவதற்குள் முத்திரைத்தாள் வந்துவிடும். ஒரு தொகையைக் கையில் கொடுத்து, ‘இனி எந்தக் கோரிக்கையும் இல்லை’ என்று மனைவியிடம் கையெழுத்து வாங்குவார்கள். அந்தத் தாள் செல்லாது. மரண இழப்பீட்டை, இந்த வழக்குகளை விசாரிக்கும் இழப்பீட்டு ஆணையரிடம்தான் கட்ட வேண்டும் என்கிறது 8-ஆம் பிரிவு. நேரில் தரக்கூடியது மூன்று மாதக் கூலி அளவுக்கான முன்பணம் மட்டுமே. உரிமையை விட்டுக்கொடுக்கும் ஒப்பந்தத்தை 17-ஆம் பிரிவு ரத்தாக்குகிறது. இது தெரியாமல், ‘வாங்கியாச்சே, இனி என்ன கேட்க முடியும்’ என்று குடும்பம் ஒதுங்கிவிடுகிறது.

அடுத்தது காகிதம். ஏலச்செடிக்கு நிழல்தரும் மரங்களின் கிளைகளைக் கழிக்கும்போது கிளை விழுந்தோ, அலுமினிய ஏணி மின்கம்பியில் பட்டோ அடிபட்டவரை மலையிறக்கி, க.விலக்கில் உள்ள தேனி அரசு மருத்துவக் கல்லூரிக்குக் கொண்டுவருகிறார்கள். அங்கே உயிர் போனால் பிரேதப் பரிசோதனையும் இறப்புப் பதிவும் தமிழ்நாட்டில். சம்பவ இடமோ கேரளக் காவல் எல்லையில். முதல் தகவல் அறிக்கை அங்கே மாற்றப்படுவதற்குள் ஏணி அப்புறப்படுத்தப்பட்டிருக்கும், கிளை விறகாகியிருக்கும். சம்பவ இடத்தில் கண்டதைப் போலீஸ் பதிவுசெய்யும் மகசரில் எழுத ஒன்றும் மிஞ்சாது. மின்சாரச் சாவானால் மின் ஆய்வாளரின் அறிக்கை பெரிய பலம். ஆனால் அதைக் கேட்டு வாங்க வேண்டும் என்று குடும்பத்துக்கு யாரும் சொல்வதில்லை.

பிறகு கூலிக் கணக்கு. மாதக் கூலியில் பாதியை, வயதுக்கேற்பச் சட்டம் தரும் காரணி என்ற எண்ணால் பெருக்க வேண்டும். இந்தக் கணக்கில் எடுக்கும் மாதக் கூலிக்கு 2020 ஜனவரி 3 முதல் உச்சவரம்பு 15,000 ரூபாய். 35 வயதுக்குக் காரணி 197.06. நாள் கூலி 500 என்று வைத்து, மாதம் 26 நாள் வேலை என்றால் இழப்பீடு 12,80,890 ரூபாய். ‘பத்து நாள்தான் வந்தார்’ என்று தோட்டம் சொல்லி அது ஏற்கப்பட்டால் 4,92,650. ஏறத்தாழ எட்டு லட்சம் வித்தியாசம், தோட்டத்தின் வருகைப் பதிவேடான செக்ரோலில் அடங்கியிருக்கிறது, அந்த செக்ரோல் இருப்பதோ முதலாளி கையில். சாவு நடந்த வாரமே அதைக் கைப்பற்றாவிட்டால் புதிதாக எழுதப்பட்டுவிடும். தினம் அழைத்துப்போன ஜீப் டிரைவரின் பெயர்க் குறிப்பும், உடன் வேலைசெய்தவர்களின் வாக்குமூலமும்தான் அப்போது கைகொடுக்கும்.

‘காண்ட்ராக்டர் ஆள், எங்களுக்குச் சம்பந்தமில்லை’ என்ற பதிலை நீங்கள் அப்படியே பதிவுசெய்து கொள்வது எங்களுக்கு வேதனை. ஏலத்தோட்டத்தில் நிழல் சீர்படுத்துவது வழக்கமான வேலை. அதைக் காண்ட்ராக்ட் விட்டாலும் 12-ஆம் பிரிவின்படி தோட்ட உரிமையாளர்தான் பொறுப்பு. கொடுத்ததை அவர் காண்ட்ராக்டரிடம் வசூலித்துக்கொள்ளட்டும். ஜீப் கவிழ்ந்த சாவில் இன்னொரு சிக்கல்: மோட்டார் வாகனத் தீர்ப்பாயம், இழப்பீட்டு ஆணையர் இரண்டில் ஒன்றைத்தான் தேர்ந்தெடுக்கலாம். எதில் தொகை கூடும் என்று கணக்குப் பார்க்காமல் முதலில் கிடைத்த வக்கீலிடம் கையெழுத்துப் போட்டுவிடுகிறார்கள்.

குடும்பம் வசிக்கும் ஊரின் ஆணையரிடமே மனுப்போட 21-ஆம் பிரிவு இடம் தருகிறது. தமிழ்நாட்டு ஆணையர் விபத்து நடந்த பகுதியின் ஆணையருக்கு அறிவிப்பு அனுப்பிவிட்டு விசாரிக்கலாம். அந்த அறிவிப்புக்கும் பதில் வராமல், தோட்டத்துக்கு அனுப்பிய சம்மனும் ‘ஆள் இல்லை’ என்று திரும்பி வந்து, வாய்தா மேல் வாய்தாவாக வழக்கு கிடக்கிறது. மூன்று மாதத்தில் முடிக்க வேண்டும் என்று சட்டம் சொல்லும் வழக்கு இது.

கேரள அதிகாரிகளே, மனுவுக்காகக் காத்திருக்காதீர்கள். எந்த வழியில் தகவல் வந்தாலும் முதலாளிக்கு நோட்டீஸ் அனுப்பி, 30 நாளில் விளக்கம் கேட்க 10ஏ பிரிவு உங்களுக்கு அதிகாரம் தருகிறது. காவல் நிலையத்திலிருந்து வரும் ஒரு தகவலே அதற்குப் போதும். நோட்டீஸோடு செக்ரோல் நகலையும் கேளுங்கள். தமிழ்நாட்டு அதிகாரிகளே, க.விலக்கு மருத்துவமனையில் பதிவாகும் தோட்ட விபத்துச் சாவு ஒவ்வொன்றையும் அன்றே இடுக்கிக்குத் தெரிவியுங்கள். மலையாளத்தில் வரும் மகசருக்கு மொழிபெயர்ப்புச் செலவைக் குடும்பத்தின் தலையில் கட்டாதீர்கள். ஒரு மாதம் தாண்டிய தொகைக்கு 12 சதவீத வட்டியையும், நியாயமான காரணமில்லாத தாமதத்துக்கு 50 சதவீதம் வரையிலான அபராதத்தையும் கேட்காமலே உத்தரவில் சேருங்கள்.

இப்படிக்கு,
கம்பம் பள்ளத்தாக்கில் இழப்பீட்டு மனு எழுதித் தருபவர்கள்