சொன்ன பேச்சு கேட்காத கை

அன்புள்ள சேகர்,

உன் மகள் பத்தாவதில் நல்ல மார்க் வாங்கியதை அம்மா சொன்னாள். ரொம்ப சந்தோஷம். அவளிடம் சொல்லிவிடு.

இங்கே அப்பாவுக்கு நடுக்குவாதம் கூடியிருக்கிறது. போன வாரம் காபி டம்ளரை எடுக்கப் போனார். வலது கை ஆட ஆரம்பித்தது. இடது கையால் அதை அமுக்கிப் பிடித்துக்கொண்டு, "சும்மா கிடடா" என்று அதட்டினார். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது, அவரும் சிரித்தார். அடுத்த நிமிஷம் எனக்கு வயிற்றைப் பிசைந்தது.

அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை. விடுதியில் விசிடி போட்டுப் பார்த்தோமே, 'ஈவில் டெட் 2', அதை மறுபடி பார்த்தேன். 1987இல் வந்த பேய்ப் படம். அந்தச் சமையலறைக் காட்சி ஞாபகமிருக்கிறதா? கதாநாயகனின் பேய் பிடித்த வலது கை, தட்டுகளை எடுத்து அவன் மண்டையிலேயே உடைக்கும். தலைமுடியைப் பற்றி மோத வைக்கும். அவன் மயங்கிக் கிடக்கும்போது, விரல்களால் தரையைப் பிறாண்டி, மொத்த உடம்பையும் இழுத்துக்கொண்டு வெட்டுக்கத்தியை நோக்கிப் போகும்.

அன்றைக்கு எல்லாம் கேமரா வித்தை என்று நினைத்தோம். இப்போது பார்த்தால், முக்கால்வாசி அந்த நாயகனாக நடித்த புரூஸ் கேம்பலின் உடம்புதான். மணிக்கட்டுக்கு மேலே பயந்து சாகிற ஒருவன், கீழே வேறொருத்தன். ஒரே ஆள் இருவராக அடித்துக்கொள்கிறான். எந்த இடத்தில் சிரிப்பு நின்று பயம் தொடங்குகிறது என்று மூன்று தடவை ஓட்டிப் பார்த்தும் பிடிபடவில்லை.

அமெரிக்காவின் மிச்சிகனில், இந்தப் படத்தின் இயக்குநர் சாம் ரைமியோடு சின்ன வயதிலேயே சூப்பர் 8 என்ற சின்ன ஃபிலிம் கேமராவில் படம் எடுத்து விளையாடியவர் கேம்பல். 'த்ரீ ஸ்டூஜஸ்' என்ற பழைய நகைச்சுவைக் குழுவின் அடிதடிக் காமெடி மேல் அந்தக் கூட்டத்துக்கு அப்படியொரு பைத்தியம். முதல் 'ஈவில் டெட்'டை 1979 குளிர்காலத்தில் டென்னசியில் ஒரு பாழடைந்த மரவீட்டில் எடுத்தார்கள். ஸ்டுடியோ இல்லை, தெரிந்தவர் அறிந்தவரிடம் திரட்டிய பணம்தான். ரத்தம் என்று சோளப் பாகை அவர்மேல் ஊற்றுவார்கள். ஒரு சட்டையைத் தீயருகே காயப்போட்டு எடுத்தால் விறைத்துப்போய், மாட்டப் போகும்போது உடைந்தே விட்டதாம்! அந்தப் பிசுபிசுப்பிலும் குளிரிலும் நின்றுதான் அந்த உடல்மொழியைக் கற்றிருக்கிறார்.

ஆனால் நீ கட்டாயம் பார்க்கவேண்டியது 2002இல் வந்த 'பப்பா ஹோ-டெப்'. கிழக்கு டெக்சாஸில் ஒரு முதியோர் இல்லம். அங்கே, தான்தான் பாடகர் எல்விஸ் பிரெஸ்லி என்று சொல்லும் ஒரு கிழவர், வாக்கரை ஊன்றிக்கொண்டு எகிப்திய மம்மியோடு சண்டைக்குப் போகிறார். கதையைக் கேட்டால் கூத்து மாதிரி இருக்கும். கேம்பல் அதை ஒரு துளி கேலியில்லாமல் நடித்திருக்கிறார். கட்டிலை விட்டு எழுந்து நிற்க அவர் படும் பாட்டைப் பார்த்தபோது, மம்மி வருவதற்கு முன்பே எனக்குப் பயம் வந்துவிட்டது. அப்பா எழுந்திருப்பதும் அப்படித்தான்.

பொங்கலுக்கு ஊருக்கு வருகிறாய் அல்லவா? வீட்டுக்கு வா. இப்போதெல்லாம் அப்பாவுக்கு அரை டம்ளர் காபிதான் ஊற்றுகிறோம், நீ வந்தால் வீம்புக்கு முழு டம்ளர் கேட்பார். அவர் கையை அதட்டும்போது முகத்தைத் திருப்பிக்கொள்ளாதே. அவரோடு சேர்ந்து சிரி.

அன்புடன்,
மணி