அந்தக் கோட்டுக் கடுதாசியக் கிழிக்கச் சொல்லாத மனே

மனே, நேத்து ராவு நீ போன்ல சொன்னதக் கேட்ட நேரத்துல இருந்து எனக்கு நித்திரை இல்ல. "கடன் நம்மட கடன்தானேப்பா, வயல வித்து எடுத்துட்டுப் போகட்டும், கோட்டுக்குப் போய் என்னத்தக் கதைக்கிற, அந்தக் கடுதாசியக் கிழிச்சுப் போடுங்க" எண்டாய். போன்ல கதைக்க வந்தா எனக்குத் தொண்டை அடைச்சிரும், அதால எழுதுறன், டூட்டி முடிஞ்சு வந்து ஆறுதலா வாசி.

வாங்கின காசு குடுக்கத்தான் வேணும், அதுல எனக்கு மறுபேச்சில்ல. ஆனா எவ்வளவு எண்டு கடன் குடுத்தவங்க மட்டும் சொல்லி, அத வச்சு ஒன்ட வயல ஏலம் போடுற எண்டா எப்பிடி மனே? கோட்டுக் கடுதாசிக் கட்டோட வந்த ஸ்டேட்மன்ட்ட நானும் தங்கச்சியும் விடிய விடிய இருந்து பாத்தம். நீ டோகாவில இருந்து போட்ட நாலு தவணை அதுல இல்ல, அந்த நாலுக்கும் தண்ட வட்டி வேற ஏத்தியிரிக்காங்க. ரிசீட்டெல்லாம் ஒன்ட போனுக்குள்ள கிடக்கு, நீ வாயத் திறக்காட்டி கோட்டுக்கு எப்பிடித் தெரியும்?

லோயர் எனக்கு விளங்கப்படுத்தினவர். 1990ம் ஆண்டு 2ம் இலக்கக் கடன் அறவீட்டுச் சட்டத்துல பாங்கோ பைனான்ஸோ வழக்குப் போட்டா, கோடு முதல்ல அவங்கட பேப்பர மட்டும் பாத்து டிகிரி நைசை எண்டு ஒரு கட்டளை போடுமாம், அதுக்குப் பிறகுதான் நமக்குக் கடுதாசி வரும், அதுல ஒரு திகதி இரிக்கும். அந்தத் திகதிக்கு, என்ட பக்கத்தையும் கேளுங்க, அனுமதி தாங்க எண்டு சத்தியக்கடதாசியோட போகணும், கணக்குல எது பிழை எண்டு அதுல குறிச்சுக் காட்டணும். சிலவேளை காசு கட்டு, இல்லாட்டி பிணை வை எண்டு கோடு கேக்கும், விசாரிக்கத்தான் வேணும் எண்ட கேள்வி ஒண்டு அந்தக் கடதாசியில தெரிஞ்சா அத வச்சே அனுமதி குடுக்கவும் இடமிரிக்காம். ஒருத்தரும் போகல்லெண்டா கட்டளை முடிஞ்ச முடிவாகி, அத நிறைவேத்தக் கோடு குடுக்கிற ரிட்டோட, பிஸ்கால் எண்ட கோட்டு அலுவலர் வயலுக்கு வந்திருவார்.

பெரியப்பாட வயல் போன கதைய நான் ஒனக்கு முழுசாச் சொன்னதில்ல. டிகிரி, அதாவது கடனக் கட்டு எண்ட தீர்ப்பு, விழுந்து ரெண்டு வருசம் ஒண்டும் நடக்கல்ல, பிறகு 90ல நாமெல்லாம் ஊர விட்டு ஓடி முகாமில கிடக்கக்குள்ள ரிட்டுக் கேட்டிரிக்காங்க. நோட்டீஸ ஆளில்லாத வீட்டுக் கதவுல ஒட்டினதாம். திரும்பி வந்தா வரம்புல வேற ஆள் நிக்கிறான். பாதிக் காசு கட்டின ரிசீட்டு அவர்ட மடிக்குள்ள இரிந்தது மனே, கேக்கத்தான் ஒருத்தரும் இல்ல. டிகிரிக்கு ஒரு வருசம் கழிச்சு ரிட்டுக் கேட்டா, பெட்டிசன்ல கடன் வாங்கினவன்ட பேர் இல்லாட்டியும் அத அவனுக்குச் சேர்ப்பிக்கணும் எண்டு குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையில 347ம் பிரிவு இரிக்காம், எனக்கே இப்பதான் தெரியும். ஏலம் முடிஞ்ச பிறகு உடைக்கிறதும் லேசில்ல, பிஸ்கால்ட அறிக்கை கோட்டுக்குப் போய் 30 நாளுக்குள்ள என்ன பிழை நடந்த எண்டு அறிவிக்கணும், அதால பெரிய நட்டம் வந்த எண்டும் காட்டணும். அவர் ஊருக்கு வரக்குள்ள மாசக்கணக்கு ஆயிட்டு. அவர் செத்த பிறகு அந்த ரிசீட்ட பெட்டிக்குள்ள இருந்து எடுத்தது நான்தான்.

அதால மனே, லீவு கேட்டாவது எம்பசி திறக்கிற நாளாப் பாத்துப் போ. ஒனக்குப் பதிலா நான் நிக்க என்ட பேருக்கு அற்றோணித்தத்துவமும், லோயர் எழுதி அனுப்புற சத்தியக்கடதாசியும் அங்க ஒபிசர்ட முன்னுக்கு ஒப்பம் வச்சு, ஒறிஜினல கூரியர்ல போடு. காசு அனுப்பின இடத்துல நாலு தவணைக்கும் சீல் குத்தின துண்டு கேட்டு வாங்கு, போன்ல இரிக்கிற போட்டோ மட்டும் போதாதாம். லோயர் காச நினைச்சு யோசிக்காத, ஏலாட்டி மட்டக்களப்புல சட்ட உதவி ஆணைக்குழுவுக்குப் போய்க் கேப்பன். சரியான கணக்கு வந்திட்டா பெரிய போகம் வெட்டி ஒரு பகுதியக் கட்டுவம், மிச்சத்துக்குத் தவணை கேப்பம்.

அம்மா சுகம். வயல் இப்ப குடலைப் பருவம், நாளைக்குக் காலையில குருமண்வெளியில பாதை (ஆத்தக் கடக்கிற படகு) ஏறி மண்டூருக்குப் போறன், தண்ணி பாக்கணும். கோட்டுத் திகதி வாற மாசம் 12. கடதாசி அதுக்கு ஒரு கிழமை முந்தி என்ட கைக்கு வந்திரணும்.

அப்பா