மிச்சமிருக்கும் செக்ரோல் புத்தகங்களையாவது எங்களிடம் கொடுங்கள்

மதிப்பிற்குரிய தோட்ட நிர்வாகத்தினருக்கு,

வணக்கம். மலேசியா, பேராக், சுங்கை சிப்புட்டில் உங்கள் தோட்டத்து லயத்து வரிசை வீட்டில் பிறந்தவன் எழுதுகிறேன். போன செவ்வாய்க்கிழமை பழைய ஆபீஸைக் காலி செய்தீர்கள். தொழிலாளர் பெயரும் வேலை நாளும் எழுதிய செக்ரோல் புத்தகங்கள் இரண்டு லாரி பழைய பேப்பர் கடைக்குப் போய்விட்டன. பின்னறையில் இன்னும் கொஞ்சம் இருக்கிறதாம். அதையாவது எங்களிடம் கொடுங்கள்.

கால்வாயோரம் கிடந்த ஒரு தாளை எடுத்து வந்தேன். 1951, மார்ச். கணக்கெழுதும் கிராணியின் ஊதா மையில் வரிசையாகப் பெயர்கள், எதிரே நாள் கணக்கு, மழையால் ரப்பர் பால் வெட்டாத நாளுக்கு வெறும் கோடு. கொரியா யுத்தத்தால் உலகச் சந்தையில் ரப்பர் விலை எகிறியிருந்த நேரம் அது. இங்கேயோ, 1948 ஜூனில் நம் ஊர்ப் பக்கம் மூன்று வெள்ளைக்காரத் தோட்டத் துரைமார்கள் சுடப்பட்டதிலிருந்து அவசரகாலம். அந்தப் பயத்திலும் விடியற்காலை பேர் கூப்பிடும் பெரட்டுக்கு வந்து நின்றவர்களின் பெயர்கள் வேறு எந்தப் புத்தகத்தில் இருக்கின்றன, சொல்லுங்கள்.

என் அம்மா 1953இல் லயத்தில் பிறந்தவர். பிறப்புப் பத்திரம் கிடையாது, இன்றைக்கும் குடியுரிமை இல்லாத நிரந்தரவாசிக்கான சிவப்பு அடையாள அட்டைதான். குடியுரிமைக்கு நாலு தடவை மனு போட்டாயிற்று. ஒவ்வொரு தடவையும் கவுண்டரில் அதே கேள்வி: உங்கள் தாய் தகப்பன் அப்போது இங்கே இருந்ததற்கு அத்தாட்சி எங்கே? போன தடவை அம்மா பதில் சொல்லாமல், கத்தி பிடித்துக் காய்த்துப்போன வலது கையைக் கவுண்டர்மேல் வைத்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்திருந்தார். தாத்தா பாட்டி பெயருள்ள பக்கம் அந்த லாரியில் போனதா, பின்னறையில் இருக்கிறதா, எனக்குத் தெரியாது.

1969இல் குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை பெர்மிட் என்று வந்தபோதும் காகிதம் இல்லாமல்தான் எத்தனையோ குடும்பங்கள் இந்தியாவுக்குக் கப்பலேறின. 1981 செப்டம்பர் 7ஆம் தேதி லண்டன் பங்குச் சந்தையில் பிரிட்டிஷ் தோட்டக் கம்பெனியான கத்ரியை நம் நாட்டுக்காரர்கள் ஒரே காலையில் வாங்கினார்கள், தோட்டங்கள் நம் கைக்கு வந்துவிட்டன என்று நாடே பேசியது, நாங்களும்தான் சந்தோஷப்பட்டோம். அப்புறம் பால்மரம் போய்ச் செம்பனை வந்தது, லயத்தையும் இடித்தார்கள். ஏக்கர் கணக்கு மட்டும் ஒருபோதும் தொலைந்ததில்லை, எங்கள் பேர்தான் ஒவ்வொரு தடவையும் தொலைகிறது.

சரி, அதையெல்லாம் இன்னொரு நாள் பேசலாம். இப்போது கேட்பது அந்தப் புத்தகங்களைத்தான். சொந்தமாகத் தர மனமில்லையென்றால் இரண்டு நாள் இரவல் கொடுங்கள், கோயில் மண்டபத்தில் வைத்துப் பக்கம் பக்கமாகப் படமெடுத்துத் திருப்பித் தருகிறோம். கரையான் அரித்ததையும் ஒதுக்கிவிடாதீர்கள். ஞாயிற்றுக்கிழமை காலை எட்டு மணிக்கு நாலு பேர் வருகிறோம். தயவுசெய்து அதுவரை அந்த அறையைப் பூட்டியே வையுங்கள்.