டி. பி. ராஜலட்சுமி அம்மையாருக்கு ஒரு கடிதம்

மதிப்பிற்குரிய அம்மையார் அவர்களுக்கு,

வணக்கம். தமிழின் முதல் பேசும்படக் கதாநாயகி யார் என்று வினாடி வினாவில் கேட்கிறார்கள். உங்கள் பெயரைச் சொன்னதும் அடுத்த கேள்விக்குப் போய்விடுகிறார்கள். அந்த ஒற்றை விடைக்குள் உங்கள் உழைப்பு முழுவதும் அடைபட்டுக் கிடப்பது எனக்கு நெடுநாளாக வருத்தம் தருகிறது.

திருவையாற்றில் பிறந்து, சிறுவயதிலேயே மணமுடிக்கப்பட்டு, அந்த மணம் முறிந்தபின் திருச்சியில் சி. எஸ். சாமண்ணாவின் நாடகக் கம்பெனியில் சேர்ந்தீர்கள். சிறுவர்களே ஸ்திரீபார்ட் எனப்படும் பெண் வேடம் கட்டிய கம்பெனிகள் பெயர்பெற்றிருந்த நாட்களில், ஒரு பெண் பிள்ளை மேடையேறிப் பாடிப் பிழைப்பதற்கு எத்தனை ஏச்சுகளைத் தாங்க வேண்டியிருந்திருக்கும் என்பதை எண்ணிப் பார்க்கிறேன்.

1931 அக்டோபர் 31 அன்று சென்னை கினிமா சென்ட்ரல் திரையரங்கில் தமிழின் முதல் பேசும்படமான 'காளிதாஸ்' வெளியானது. பம்பாய் இம்பீரியல் கம்பெனியில் எச். எம். ரெட்டி எடுத்த அந்தப் படத்தில் நீங்கள் தமிழில் பேச, காளிதாசனாக நடித்த பி. ஜி. வெங்கடேசன் தெலுங்கில் பதில் சொன்னார். பின்னணிப் பாடகர் என்ற ஏற்பாடே இல்லாத காலம் அது. நடிப்பவரே காமிராவின் முன் நின்று பாட வேண்டும், வாத்தியக்காரர்கள் சட்டகத்துக்கு வெளியே மறைவாக அமர்ந்து வாசிக்க வேண்டும். ஒலிபெருக்கி இல்லாத கொட்டகையில் கடைசி வரிசைக்கும் கேட்கும்படி பாடிப் பழகிய குரலே அங்கு உங்களுக்குத் துணை நின்றிருக்கும். காளிதாசன் கதைக்குள் தியாகராஜர் கீர்த்தனையும், மதுரகவி பாஸ்கரதாஸ் எழுதிய காந்தியின் கைராட்டினத்தைப் போற்றும் பாட்டும் எப்படிப் பொருந்தின என்று இன்று சிலர் வியக்கிறார்கள். கதைக்கு இடையே வேறு பாட்டுகளும் ஒலிக்கும் நாடகக் கொட்டகையில் அமர்ந்து பழகிய ரசிகர்களுக்கு அது இயல்பாகவே இருந்திருக்கும் என்பது என் எண்ணம்.

கல்கத்தாவில் எடுக்கப்பட்ட 'வள்ளி திருமண'த்தையும் அதைத் தொடர்ந்த படங்களையும் கடந்து, 1936ஆம் ஆண்டுக்கு வருகிறேன். உங்களுக்கு நன்றி சொல்ல நான் தேர்ந்தெடுத்த ஆண்டு அதுதான். புராணக் கதைகளே பெரும்பாலும் திரைக்கு வந்த அந்நாளில், 'கமலவல்லி' என்று நீங்களே எழுதிய நாவலை 'மிஸ் கமலா' என்ற சமூகப் படமாக்கி, தயாரித்து, இயக்கி, அதில் நடிக்கவும் செய்தீர்கள். தென்னிந்தியாவில் உங்களுக்கு முன் எந்தப் பெண்ணும் படம் இயக்கியதில்லை. ஊதியம் பெற்று நடித்துவிட்டு வீடு திரும்பும் நிலையிலிருந்து, கதையையும் கைமுதலையும் தம் பொறுப்பில் ஏற்கும் நிலைக்கு ஐந்தே ஆண்டுகளில் வந்த அந்தத் துணிவு, 'முதல் கதாநாயகி' என்ற சிறப்பைவிட எனக்குப் பெரிதாகத் தெரிகிறது. பின்னர் 'மதுரை வீரன்' படத்தையும் இயக்கினீர்கள்.

இன்று 'காளிதாஸ்' படத்தின் பிரதியும் இல்லை, 'மிஸ் கமலா'வின் பிரதியும் இல்லை. ஒருநாள் ஏதேனும் ஒரு பழைய பெட்டியில் 'மிஸ் கமலா'வின் ஒரு சுருளாவது அகப்பட்டால், காமிராவுக்கு முன்னும் பின்னும் நீங்களே நின்ற அந்தப் படத்தில், உங்களை நீங்கள் எவ்வளவு அருகில் வைத்துப் படம் பிடித்தீர்கள் என்பதையே முதலில் பார்ப்பேன்.

மிகுந்த மரியாதையுடன்,
உங்கள் ரசிகை