மின்தூக்கி பழுதான வீட்டில் ஒரு சம்பந்தம்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

கோலாலம்பூரின் பிரிக்பீல்ட்ஸில் அண்மையில் திரையிடப்பட்ட ஒரு தமிழ்க் குறும்படம், பங்சார் வழக்கறிஞர் வீட்டுப் பையனுக்கும் செந்தூல் அடுக்குமாடியில் வாழும் துப்புரவுத் தொழிலாளியின் மகளுக்கும் இடையிலான காதலைக் கறுப்பு நகைச்சுவையாகச் சொல்கிறது. பெண் கேட்டு வந்த அன்றே பெண்ணின் தாத்தா இறந்துவிட, மின்தூக்கி பழுதானதால் சவப்பெட்டியைப் படிக்கட்டு வழியே இறக்கும்போது, முன்பக்கம் பிடித்த பையனின் தந்தை மூச்சு வாங்கியபடியே மண்டப வாடகை யார் பொறுப்பு என்று பேரம் பேசுகிறார். அரங்கமே சிரித்தது, நானும்தான்.

ஆனால், பையனின் தாயாரைப் பெரும்பகுதி நேரம் நகை மாட்டிய பொம்மையாகவே வைத்திருப்பது இயக்குநரின் சோம்பல். ரப்பர்த் தோட்டத்தில் கிராணி (எழுத்தர்) வீட்டுக்கும் தொழிலாளர்கள் வாழ்ந்த வரிசை வீடுகளான லயத்துக்கும் இருந்த தூரம் நாம் அறியாததல்ல. ரப்பர்த் தோட்டங்கள் துண்டாடப்பட்டு நம் மக்கள் நகருக்குப் பெயர்ந்தபோது அந்தத் தூரமும் கூடவே வந்தது (பங்சாரே ஒரு காலத்தில் ரப்பர்த் தோட்டம்தான்). சவத்துக்கு எண்ணெய், சீயக்காய் வைக்கும் முறையை அந்தத் தாயார் தம்மையறியாமல் திருத்தும்போது, அவரும் ரப்பர்ப் பால் எடுக்கப் பால்மரம் வெட்டியவரின் பேத்தி என்பது வெளிப்படுகிறது. படத்தின் சிறந்த இடமான அதை அரை நிமிடத்தில் முடித்துவிட்டார்கள்.

இத்தகைய உள்ளூர்க் குறும்படங்களின் விமர்சனத்துக்கும் தங்கள் ஞாயிறு பதிப்பில் இடமளிக்க வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகர், கோலாலம்பூர்